பத்து நிமிடம் பின்னே

அன்புள்ள பாப்பாவுக்கு,

பிளஸ் ஒன் வந்துவிட்டாய், இன்னும் பாப்பா என்றுதான் எழுத வருகிறது. மாமாவைப் பொறுத்துக்கொள்.

உன் கதையைப் படித்தேன். கள்ளிக்குப்பத்துப் பெண் ஒருத்தியிடம் காலத்தைப் பத்து நிமிடம் பின்னுக்கு இழுக்கும் செல்போன் இருக்கிறது. அம்பத்தூர் ஓ.டி.யில் பஸ்ஸைத் தவறவிட்டவள் பொத்தானை அழுத்தி, அதே பஸ்ஸில் ஏறி ஜன்னலோரம் உட்கார்ந்துவிடுகிறாள். கதை விறுவிறுவென்று ஓடுகிறது. ஆனால் அந்தப் போனுக்குக் கட்டுப்பாடே இல்லை. மாட்டிக்கொண்டால் ஒரு அழுத்து, அடிபட்டால் ஒரு அழுத்து. பிறகு படிப்பவர்கள் எதற்காகப் பதற வேண்டும்?

விக்ரம் குமாரின் '24' (2016) படத்தை மறுபடி ஒருமுறை பார். அதில் காலத்தைக் கடக்க உதவும் கைக்கடிகாரம் 24 மணி நேரத்துக்குமேல் நகராது. வில்லன் ஆத்ரேயாவுக்கு வேண்டியதோ பல ஆண்டுகள். அந்த இடைவெளியில்தான் கதையே நிற்கிறது. 'மார்க் ஆண்டனி'யில் (2023) கட்டுப்பாடு வேறு மாதிரி. ஆள் போக முடியாது, பழைய காலத்துக்கு போன் மட்டும் பேசலாம். மறுமுனையில் எடுப்பவர் யார், சொன்னதை நம்புவாரா என்பதெல்லாம் அப்போதுதான் பெரிய விஷயமாகிறது.

பயன்களைப் பொறுத்தவரை எனக்குப் பிடித்தது ரவிகுமாரின் 'இன்று நேற்று நாளை' (2015). 2065-இலிருந்து ஒரு கால இயந்திரம் வந்து இரண்டு நண்பர்கள் கையில் சிக்குகிறது. அவர்கள் சரித்திரத்தையா மாற்றினார்கள்? தொலைந்துபோன பொருளைக் கண்டுபிடித்துச் சொல்லி ஜோசியத் தொழில் நடத்துகிறார்கள்! நம்மூர் ஆளிடம் கிடைத்தால் நிஜமாகவே அப்படித்தான் ஆகும். ஆபத்தும் பெரிய திட்டம் எதிலிருந்தும் வருவதில்லை. அவர்கள் கைவைத்ததால், செத்திருக்க வேண்டிய ரவுடி ஒருவன் பிழைத்துவிடுகிறான். அற்பப் பயனுக்கும் பெரிய விலைக்கும் நடுவில் உள்ள இந்தத் தூரம் உன் கதையில் வேண்டும்.

அதைவிட முக்கியமாக ஒன்றை நீ முடிவு செய்ய வேண்டும்: காலம் திரும்பிய பிறகு, நடந்தது யாருக்கெல்லாம் நினைவிருக்கிறது? '24'இல் நாயகன் மணி கடிகாரத்தைக் காதலுக்கும் பயன்படுத்துகிறான். தியேட்டரில் நானும் சிரித்தேன். யோசித்துப் பார்த்தால், அவனுக்குத் தெரிந்தது அந்தப் பெண்ணுக்குத் தெரியாது. சீட்டாட்டத்தில் எதிராளியின் கையைப் பார்த்துவிட்டு ஆடுவது மாதிரி அது. 'மாநாடு' (2021) அந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டது. ஒரே நாள் திரும்பத் திரும்ப வருகிறது. முதலில் அது நாயகன் அப்துல் காலிக்குக்கு மட்டும் தெரிகிறது. போலீஸ் அதிகாரி தனுஷ்கோடிக்கும் நினைவு தங்கத் தொடங்கியதும் படம் நிமிர்ந்து உட்கார்ந்துவிடுகிறது. எஸ்.ஜே. சூர்யாவின் நடிப்பு பாதி காரணம், ஒப்புக்கொள்கிறேன். மீதிப் பாதி அந்த நினைவு.

அறிவியல் பக்கம் ஒன்று கேட்டிருந்தாய். காலத்தில் முன்னே போவது துளி அளவில் நிஜமாகவே நடக்கிறது. விண்வெளியில் மொத்தம் 803 நாள் இருந்த ரஷ்ய வீரர் செர்கெய் கிரிகலேவ், தரையில் இருந்தவர்களைவிட விநாடியில் ஐம்பதில் ஒரு பங்கு அளவு இளையவராகத் திரும்பினார். ஜி.பி.எஸ். செயற்கைக்கோளின் கடிகாரம் நம் கடிகாரத்தைவிட நாளுக்கு 38 மைக்ரோவிநாடி வேகமாக ஓடும். அதைத் திருத்தாமல் விட்டால் ஒரே நாளில் இடம் காட்டுவது கிலோமீட்டர் கணக்கில் பிசகும். ரெட்ஹில்ஸ் ரோட்டில் நிற்கும் உன்னை மேப் வேறெங்கோ காட்டும். பின்னே போவதற்கு மட்டும் இதுவரை வழியில்லை.

அதனால் பின்னே போகும் விதத்தை நீதான் வகுக்க வேண்டும். உன் நாயகி மட்டும் போகிறாள் என்றால் ஒரு சிக்கல்: பூமி சூரியனைச் சுற்றி விநாடிக்குச் சுமார் 30 கிலோமீட்டர் ஓடுகிறது. பத்து நிமிடத்துக்கு முன் அது 18,000 கிலோமீட்டர் தள்ளி இருந்திருக்கும். பஸ்ஸைப் பிடிக்கப் போனவள் அந்தரத்தில் நிற்பாள். மொத்த உலகமும் பின்னே சுழல்கிறது என்றால் இந்தச் சிக்கல் இல்லை, ஆனால் அதைவிடப் பெரியது வரும். அம்பத்தூர் எஸ்டேட்டில் லேத் ஓட்டுகிறவர் முடித்த பீஸை மறுபடி கடைய வேண்டும், அவருக்கே தெரியாமல். முதல் தடவை விரல் தப்பியது. இரண்டாம் தடவையும் தப்பும் என்று யார் சொன்னது? பஸ்ஸில் அவள் ஏறியதே ஒரு மாற்றம்தானே. டிரைவர் அவளுக்காக ஐந்து விநாடி நின்றிருப்பார். அந்த ஐந்து விநாடி அடுத்த சிக்னலில், அதற்கடுத்த திருப்பத்தில் என்னென்ன செய்யும் என்று அவளுக்குத் தெரியாது. கருவி திருப்பிக் கொடுப்பது நேரத்தை மட்டும்தான், அதே நிகழ்ச்சிகளை அல்ல. ஆபத்து என்று நீ எழுத வேண்டியது இதைத்தான். வெடித்துச் சிதறும் போன் வேண்டவே வேண்டாம்.

மூன்றாம் பக்கத்துக்கு வா. அவள் பிடித்த ஜன்னலோர சீட்டில் முதல் தடவை கூடையோடு ஒரு பாட்டி உட்கார்ந்திருந்தார் என்று நீயே எழுதியிருக்கிறாய், பிறகு அவரை மறந்துவிட்டாய். அந்தப் பாட்டிக்கு எல்லாம் நினைவிருக்கட்டும். பொத்தானின் நிறத்தை வர்ணிக்கும் பத்தியை எடுத்துவிட்டால் அவருக்கு இடம் கிடைக்கும். அரையாண்டுத் தேர்வு முடிந்ததும் எழுதி அனுப்பு.

அன்புடன்,
மாமா