வளவின் பூமரமும் வெண்மூட்டுப் பூச்சியும்

2006 ஆம் ஆண்டு மூதூரிலிருந்து இடம்பெயர்ந்த குடும்பங்கள் பல கிண்ணியாவிலும் கந்தளாயிலும் தங்கின. புதிய வளவில் குடியேறும்போது நம்மில் பலர் முதலில் ஊன்றுவது செலவில்லாத தடிகளையே: ஈழத்தலரி, செவ்வரத்தை. தடியோடு பூச்சியும் வந்துவிடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

பப்பாசி வெண்மூட்டுப் பூச்சி 2008 இல் கம்பஹா, கொழும்பு மாவட்டங்களில் காணப்பட்டு, பின்னர் வேறு இடங்களுக்கும் பரவியது. மாப் பூசியதுபோல் குருத்திலும் இலையின் அடியிலும் ஒட்டியிருந்து சாற்றை உறிஞ்சும். இலை சுருளும், பூக் குறையும். அதன் இனிப்பான கழிவின்மேல் கரும்பூஞ்சணம் படரும். பூமரத்தில் பெருகியது பக்கத்துப் பப்பாசிக்கும் கத்தரிக்கும் செல்லும். ஆகவே இது அழகு பற்றிய விடயம் மட்டுமல்ல. நமது உணவும் வருமானமும் இதில் அடங்கியுள்ளன.

நாம் செய்யக்கூடியவை:

1. தடி வெட்டுமுன் தாய்மரத்தைப் பார்ப்போம். வெள்ளை படிந்த மரத்தில் தடி எடுக்க வேண்டாம்.

2. வாரம் ஒருமுறை இலைகளின் அடிப்பக்கத்தைப் பார்ப்போம். பூச்சி பிடித்த கிளையை வெட்டி எரிப்போம்; வேலிக்கு வெளியே வீச வேண்டாம்.

3. தொடக்கத்திலேயே ஒரு லீற்றர் தண்ணீரில் ஒரு தேக்கரண்டி சவர்க்காரத் தூள் கரைத்து, மாலையில் இலையின் அடியில் படும்படி தெளிப்போம்.

4. எறும்புகள் இனிப்புக்காக இப்பூச்சியைக் காக்கும். மரத்தடியிலுள்ள எறும்புக் கூட்டைக் கலைப்போம்.

கடும் நஞ்சு வேண்டாம். 2009 இல் புவெர்ட்டோ ரிக்கோவிலிருந்து தருவிக்கப்பட்ட சின்னஞ்சிறு குளவிகள் இப்பூச்சியினுள் முட்டையிட்டு அதைக் கொல்கின்றன. அவை மனிதரைக் கொட்டுவதில்லை. நஞ்சு தெளித்தால் மெழுகு போர்த்திய பூச்சி தப்பிவிடும். நமக்கு உதவும் குளவியே சாகும்.