எழுதியவரும் பாடியவரும்: இன்குலாப் – கே.ஏ. குணசேகரன்

ஒரு பாட்டு மக்கள் நாவில் ஏறி நிலைத்துவிடும்போது முதலில் மறைந்துபோவது அதனை எழுதியவர் பெயரேயாகும். நாட்டுப்புறப் பாடல்களுக்கு இஃது இயல்பு. எழுதப்பெற்ற கவிதைக்கோ இது பேரிழப்பு. 'மனுசங்கடா' என்னும் பாடலை இன்றைய மாணவர் பலர் ஆசிரியர் பெயர் அறியப்படாத நாட்டுப்புறப் பாடல் என்றே எண்ணுகின்றனர். சிலர் அதனைக் கே.ஏ. குணசேகரன் பாட்டு என்பர். எழுதியவர் கவிஞர் இன்குலாப். அதற்கு இசையமைத்து ஊர்தோறும் மேடைதோறும் பாடியவர் முனைவர் குணசேகரன்.

இவ்விருவரும் ஒரு பெயர் பூண்டு குழு அமைத்துக் கொண்டவர் அல்லர். ஒருவர் சென்னையில் இருந்தார். மற்றவர் நம் புதுவையில் பணியாற்றினார். ஆயினும் இவர்களை இரட்டையராகவே கொள்ளுதல் தகும் என்பது நம் கருத்து. தமிழுக்கு இரட்டையர் புதியவர் அல்லர். முடவரும் குருடருமாகிய இரட்டைப் புலவருள் ஒருவர் முதலிரண்டு அடிகளைப் பாட, மற்றவர் பின்னிரண்டு அடிகளைப் பாடி முடிப்பார் என்பது வழிவழிச் செய்தி. இன்குலாப் தொடங்கி வைத்ததைக் குணசேகரன் முடித்து வைத்தார் என்பதே இக்கட்டுரையில் நாம் காட்ட விழைவது. பாட்டில் எது முடிவடையாமல் இருந்தது என்பதைச் சற்றுப் பின்னர்க் காண்போம்.

கீழக்கரையும் இளையான்குடியும்

இருவரும் பழைய இராமநாதபுரம் மாவட்டத்து மண்ணினர். சாகுல் அமீது என்னும் இயற்பெயருடைய இன்குலாப் 1944இல் கீழக்கரையில் பிறந்தார். வள்ளல் சீதக்காதியின் ஊர் அது. மதுரைத் தியாகராசர் கல்லூரியில் தமிழ் பயின்று, சென்னைப் புதுக்கல்லூரியில் தமிழ் பயிற்றினார். நம்மைப் போன்றே இஸ்லாமியர் நிருவகிக்கும் கல்லூரி ஒன்றின் தமிழாசிரியர் அவர் என்பதை இவண் நினைவிற் கொள்ளலாம். அவர் பூண்ட பெயர், மௌலானா அசரத் மொகானி 1921இல் யாத்த 'இன்குலாப் ஜிந்தாபாத்' என்னும் முழக்கத்தால் நாடெங்கும் பரவிய சொல். புரட்சி என்பது அதன் பொருள்.

மாணவப் பருவத்தில் 1965ஆம் ஆண்டின் இந்தி எதிர்ப்புப் போராட்டத்தில் ஈடுபட்டவர், 1968 டிசம்பர் 25 இரவில் கீழ்வெண்மணியில் நிகழ்ந்த கொடுமைக்குப் பின் முற்றிலும் இடதுசாரிப் பாதைக்குத் திரும்பினார். கூலி உயர்வு கேட்ட உழவுத் தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர், பெரும்பாலும் பெண்டிரும் குழந்தைகளும், குடிசை ஒன்றுள் வைத்து எரிக்கப்பட்ட நிகழ்ச்சி அது. இன்குலாப் கவிதையின் சினம் முழுவதற்கும் அந்நெருப்பே ஊற்று எனலாம்.

குணசேகரன் 1955இல் இளையான்குடியை அடுத்த மாரந்தை என்னும் சிற்றூரில் தலித் குடும்பத்தில் தோன்றியவர். 2005இல் வெளிவந்த அவர்தம் தன்வரலாறு 'வடு'. கல்வி உதவித்தொகைப் பட்டியலுக்காகச் சாதிப் பெயர் சொல்லி மாணவரை வகுப்பில் எழுந்து நிற்கச் செய்த வழக்கத்தை அந்நூலில் எழுதுகிறார். எழுந்து நின்ற சிறுவனின் கூச்சம் அந்நூல் நெடுகப் படர்ந்துள்ளது. இளையான்குடி இஸ்லாமியரிடையே தீண்டாமையின்றிப் பழகிய பட்டறிவையும், சுற்றுப்புறச் சிற்றூர்களில் சாதி கேட்டு விலக்கப்பட்ட பட்டறிவையும் அவர் அருகருகே வைத்துக் காட்டுகிறார். இப்பகுதியைப் படிக்கும்போது நமக்கு மகிழ்ச்சி தோன்றுவது உண்மை. ஆனால் குணசேகரன் நமக்கு நற்சான்று வழங்குவதற்காக அதனை எழுதவில்லை. ஒரே சிறுவன் ஒரே நாளில் ஒரு தெருவில் மனிதனாகவும், அடுத்த ஊரில் அவ்வாறு இல்லாதவனாகவும் இருக்க நேர்ந்த விந்தையையே அவர் எழுதினார்.

'நாங்கள்' என்னும் சொல்

இனிப் பாட்டினுள் செல்வோம். தலைப்பாகிய ஒரு சொல்லே நீண்ட ஆய்வுக்கு இடந்தருவது. 'மனிதர்கள்' என்பது ஏட்டு வழக்கு. 'மனுசங்க' என்பது நாட்டு வழக்கு. அதன் இறுதியில் 'அடா' என்னும் விளி ஒட்டி நிற்கிறது. ஆண்பாலரை முன்னிலைப்படுத்தி விளிக்கும் இத்தகைய சொல்லை ஆடூஉ முன்னிலை என்னும் வகையில் அடக்கலாம். கம்பனில் போர்க்களத்து வீரர் பகைவரை 'அடா' என்று விளிப்பதைக் காண்கிறோம். ஒத்த வலிமையுடையார் இருவரிடையே அச்சொல் அறைகூவல். சிற்றூர் வழக்கிலோ அது வேறு வேலை செய்தது. நரைத்த தலையுடைய உழவுத் தொழிலாளியை நிலக்கிழாரின் சிறுவன் 'டா' என்று அழைப்பான். அழைக்கப்பட்டவர் திரும்பி அவ்வாறு அழைத்தல் இயலாது. ஒருவழிப் பாதையாகவே அவ்விளி வழங்கி வந்தது. இன்குலாப் அப்பாதையைத் திருப்பினார். வாழ்நாள் முழுவதும் அச்சொல்லைக் கேட்டவர் வாயில் அதனை வைத்து எதிர்த்திசையில் அனுப்பினார். கம்பனின் போர்க்கள 'அடா' மீண்டும் உயிர்பெற்றது. 'நாங்களும் மனிதர்தாம் ஐயா' என்று அப்பாட்டு அமைந்திருக்குமாயின் அது விண்ணப்பம். 'டா' சேர்ந்தமையால் அறிவிப்பு ஆயிற்று.

இதனினும் நுட்பமானது தன்மைப் பன்மை. தமிழில் 'நாம்' என்பது கேட்போரையும் உளப்படுத்துவது. 'நாங்கள்' என்பது கேட்போரை விலக்குவது. ஆங்கிலத்திலும் பிரெஞ்சிலும் இவ்வேறுபாட்டைக் காட்டத் தனித்தனிச் சொல் இல்லை. மனிதர் என்னும் பேரினத்தில் பாடுவோரும் கேட்போரும் ஒன்றே என்று வாதிடும் இப்பாட்டு, 'நாம்' என்னாது 'நாங்கள்' என்றே பேசுகிறது. முரண்போல் தோன்றும் இதுவே அதன் ஆற்றல். 'நாம்' என்று சொல்லும் உரிமையை எதிரில் நிற்பவன் இன்னும் தரவில்லை. ஆகவே 'நாங்கள்' என்று தனித்து நின்று, மனிதர் என்பதை மட்டும் பொதுவாக்குகிறது.

ஆனால் ஒரு வினா எழும். அந்த 'நாங்கள்' யார்? இன்குலாப் தலித் குடியிற் பிறந்தவர் அல்லர். தலித் இலக்கியத்தைத் தலித்துகளே எழுத வேண்டுமா, பிறரும் எழுதலாமா என்னும் வாதம் 1990களில் தமிழில் சூடாக நிகழ்ந்ததை நம் தலைமுறை ஆசிரியர் அறிவர். அவ்வளவுகோலை வைத்து நோக்கின் ஏட்டில் நின்ற பாட்டின் 'நாங்கள்' கடன் வாங்கிய சொல். அன்பினாலும் சினத்தாலும் வாங்கியது எனினும் கடன் கடனே. குணசேகரன் வாய்திறந்து பாடிய கணத்தில் அக்கடன் தீர்ந்தது. வகுப்பில் எழுந்து நிற்க வைக்கப்பட்ட சிறுவன் வளர்ந்து, ஆயிரவர் முன் தானே எழுந்து நின்று 'நாங்கள்' என்றபோது அச்சொல்லுக்குரிய பொருள் வந்து பொருந்தியது. இரட்டைப் புலவர் வெண்பாவின் பின்னிரண்டு அடிகள் என்று நாம் மேலே குறித்தது இதனையே.

மறுபுறமும் உண்டு. 'நாட்டுப்புற மண்ணும் மக்களும்', 'சேரிப்புறவியல்', 'தலித் அரங்கியல்' முதலிய நூல்களை எழுதிய குணசேகரனிடம் பாட்டுக்குப் பஞ்சமில்லை. வாய்மொழிப் பாடல்களில் உழைப்பின் அலுப்பும் பிரிவின் துயரும் நிறைய உண்டு. நேருக்கு நேர் நின்று கேட்கும் குரல் அரிது. அதனை அவருக்குத் தந்தவர் கீழக்கரைக் கவிஞர்.

இரைச்சலில் தப்பிய குரல்

பாட்டு எவ்வாறு பரவிற்று என்பது தனி வரலாறு. திரைப்படம் அதனைத் தூக்கிச் செல்லவில்லை. மேடையும் ஒலிநாடாவுமே வாகனங்கள். குணசேகரன் 'தன்னானே' என்னும் கலைக்குழுவை நடத்தினார். நாட்டுப்புறக் கருவிகள், உரத்த குரல், உடன்பாடுவோர் சிலர், அவ்வளவே. பின்னாளில் திரையிசையில் புகழ்பெற்ற சின்னப்பொண்ணு அவர்வழி மேடைக்கு வந்தவர். 2008இல் 'நாக்க முக்க' பாட்டில் ஒலித்த குரலுக்குப் பயிற்சிக் களம் இத்தகைய மேடைகளே என்பது பலர் அறியாதது.

பிலிப்ஸ் நிறுவனம் 1963இல் அறிமுகம் செய்த ஒலிநாடாப் பேழையில் நாடாவின் அகலம் 4 மில்லிமீட்டருக்கும் குறைவு. நொடிக்கு ஏறத்தாழ 4.76 சென்டிமீட்டர் வேகத்தில் அது ஓடும். ஒரு பேழையிலிருந்து மற்றொன்றுக்குப் படியெடுக்கும்போது மீயுயர் ஒலிகள் மங்கும். 'உஸ்' என்னும் இரைச்சல் கூடும். படியின் படிக்குப் படியெடுத்தால் நரம்பிசையின் நுண்ணொலிகள் கரைந்துவிடும். பறையில் சிண்டுக்குச்சி எழுப்பும் கூரிய ஒலியும் மழுங்கும். எஞ்சி நிற்பது நடுத்தர அதிர்வெண்ணில் அமைந்த மாந்தர் குரல். இசைக்கருவிகளின் அழகை நம்பிய பாட்டு நான்காம் படியில் இறந்துவிடும். சொல்லையும் குரலையும் நம்பிய பாட்டு பத்தாம் படியிலும் பிழைக்கும். 'மனுசங்கடா' பின்னதைச் சார்ந்தது. கருவியே இன்றிக் கைதட்டிக்கொண்டும் அதனைப் பாடலாம்.

இதற்கு ஒப்பான ஒன்றை அயல்நாட்டிலும் காணலாம். 1990களின் தொடக்கத்தில் அமெரிக்காவின் கலிஃபோர்னியாவில் ஜான் டார்னியல் என்பவர் 'மவுண்டன் கோட்ஸ்' என்னும் பெயரில் பாடத் தொடங்கினார். ஒரு கிதார், ஒரு பனசோனிக் ஒலிப்பதிவுப் பெட்டி, அதனுள்ளேயே அமைந்த ஒலிவாங்கி ஆகியவற்றைக் கொண்டு வீட்டிலேயே பதிவு செய்தார். பெட்டியின் சக்கரம் சுழலும் ஓசையும் பாட்டோடு சேர்ந்தே பதிவாயிற்று. அவ்வோசையையே பின்னர் அன்பர்கள் விரும்பிக் கேட்டனர். குறைந்த தரத்தை ஓர் அழகியலாகத் தேர்ந்துகொள்ளுதல் அங்கே இயன்றது. இங்கே தேர்வு இல்லை, கிடைத்தது அதுவே. எளிய பதிவை வியந்து பேசும் இன்றைய இளைஞர் இவ்வேறுபாட்டை மறவாதிருத்தல் நன்று.

புதுவையின் பங்கு

1985இல் தோன்றிய புதுவைப் பல்கலைக்கழகம் நம் உழவர்கரை நகராட்சியைச் சேர்ந்த காலாப்பட்டில் உள்ளது. அங்குச் சங்கரதாஸ் சுவாமிகள் பெயர் தாங்கிய நிகழ்கலைப் புலத்தில் குணசேகரன் பேராசிரியராக விளங்கினார். 1922இல் மறைந்த அந்நாடகாசிரியர் அடக்கமாகியிருப்பதும் நம் கருவடிக்குப்பத்திலேதான். இராசபார்ட்டு மேடையின் தந்தை பெயரால் அமைந்த இடத்தில் 'பலி ஆடுகள்' என்னும் தலித் நாடகத்தின் ஆசிரியர் அமர்ந்திருந்தது பொருத்தமே. இன்குலாப்பும் நாடகத் துறைக்கு வந்தார். 'ஔவை', 'மணிமேகலை' ஆகியன அவர் ஆக்கங்கள். குணசேகரன் உலகத் தமிழாராய்ச்சி நிறுவனத்தின் இயக்குநராகவும் பணியாற்றினார்.

இருவரும் ஒரே ஆண்டில் மறைந்தனர்: குணசேகரன் 2016 சனவரி 17இல், இன்குலாப் அவ்வாண்டு டிசம்பர் 1இல். மறுஆண்டு இன்குலாப்பின் 'காந்தள் நாட்கள்' நூலுக்குச் சாகித்திய அகாதெமி விருது அறிவிக்கப்பட்டது. குடும்பத்தார் ஏற்க மறுத்தனர். அதே 2017இல் அம்சன் குமார் இயக்கிய திரைப்படம் ஒன்று 'மனுசங்கடா' என்னும் தலைப்பையே தாங்கியது. தந்தையின் உடலைப் பொதுவழியே எடுத்துச் செல்ல ஒரு தலித் இளைஞன் படும் பாடு அதன் கதை. பாட்டு எழுந்து பல்லாண்டுகள் கடந்தும் அச்சொல்லுக்கு வேலை தீரவில்லை.

இஸ்லாமியத் தமிழ் இலக்கிய வரலாறு எழுதுவோர் இன்குலாப்பை எங்கே வைப்பது எனத் தயங்குவர். அவர் சமயம் பாடியவர் அல்லர். பகுத்தறிவு நெறியில் நின்றவர். வைக்க இடமில்லை என்பதற்காக விட்டுவிடுதல் முறையாகாது. கீழக்கரையின் தமிழ் இல்லாமல் அவர் கவிதை இல்லை.

நாம் செய்யத்தக்க சிறு பணி ஒன்றுண்டு. குணசேகரன் குரல் பதிவான ஒலிநாடாக்கள் இன்னும் புதுவைப் பகுதி வீடுகளின் பரண்களில் கிடக்கக்கூடும். மாணவர் தேடிக் கொணர்வாராயின் உடனே ஓடவிடுதல் கூடாது. பேழையைத் திறந்து பார்த்து நாடாவின் மேல் பூஞ்சை படர்ந்துள்ளதா என நோக்க வேண்டும். நாடாவை அழுத்தும் சிறு பஞ்சுத்துண்டு உதிர்ந்திருப்பின் மாற்ற வேண்டும். பின்விளிம்பில் உள்ள இரு பிளாஸ்டிக் நாக்குகளை ஒடித்துவிட்டால் தவறுதலாக மேற்பதிவு ஆகாது. ஒருமுறை முன்னும் பின்னுமாக மெல்லச் சுற்றி இறுக்கம் தளர்த்திய பின்னரே கணிப்பொறியில் படியெடுத்தல் வேண்டும். இரைச்சலை நீக்க முற்படாமல் முதற்படியை உள்ளவாறே வைத்துக்கொள்க. கோப்புக்குப் பெயரிடும்போது பாடியவர் பெயருக்கு முன் எழுதியவர் பெயரையும் எழுதுக.