மூடிய அறையில் கணப்புச் சட்டி

பச்சை உடம்புக்காரிக்குக் குளிர் ஆகாது என்பது பெரியவர்கள் கண்ட வழக்கம். அது சரிதான். ஆனால் மார்கழிக் குளிரில் கதவு ஜன்னலைச் சாத்தி, இடுக்கிலெல்லாம் துணியைத் திணித்து, கட்டிலுக்குப் பக்கத்தில் கரித்தணல் சட்டியை வைத்துத் தூங்குகிறோமே, ஆபத்து அங்கேதான்.

"புகையே இல்லீங்களே, நல்லா கனிஞ்ச தணல்தானே?" என்று மலையோரக் கிராமத்தில் ஒரு மாமியார் என்னிடம் கேட்டார். புகை அடங்கிய தணலிலிருந்தும் கார்பன் மோனாக்சைடு என்ற விஷவாயு வருகிறது. அதற்கு நிறமில்லை, வாசனையில்லை. கண் எரியாது, இருமலும் வராது.

நம் இரத்தத்திலுள்ள ஹீமோகுளோபின், பிராணவாயுவைச் சுமக்கும் வண்டி மாதிரி. இந்த விஷவாயு பிராணவாயுவைவிட 200 மடங்குக்கு மேல் இறுக்கமாக அதைப் பற்றிக்கொள்ளும். அப்புறம் வண்டியில் இடம் ஏது? மூளையும் இருதயமும் தவிக்கும். கர்ப்பிணியானால் இன்னும் கவலை. தாய் தெளிந்த பிறகும் வயிற்றுப் பிள்ளையின் இரத்தத்திலிருந்து அது மெதுவாகத்தான் இறங்கும்.

முதலில் தலைவலி, குமட்டல், கிறுகிறுப்பு வரும். "பித்தமா இருக்கும்" என்று சுக்குக் கஷாயம் குடித்துவிட்டு அதே அறையில் படுப்பார்கள்! தூங்குகிறவருக்கு அதுவும் தெரியாமல் நினைவு தப்பிவிடும். வீட்டில் இரண்டு மூன்று பேருக்கு ஒரே நேரத்தில் தலை வலித்து, வெளியே வந்தால் குறைகிறதா? அது பித்தமல்ல.

உடனே கதவைத் திறந்து, எல்லோரையும் வெளியே கொண்டுவந்து, 108-க்குப் போன் செய்யுங்கள். "அறையில் தணல் இருந்தது" என்று டாக்டரிடம் மறக்காமல் சொல்லுங்கள். விரலில் மாட்டிப் பார்க்கும் கருவி இந்த விஷத்தைக் கண்டுபிடிக்காது, எல்லாம் சரியென்றே காட்டும். சாதாரணக் காற்றில் இது பாதியாகக் குறைய 4, 5 மணி நேரம் ஆகும். ஆஸ்பத்திரியில் முழு ஆக்சிஜன் கொடுத்தால் சுமார் ஒன்றரை மணிக்குள் குறையும்.

குழந்தைக்குச் சூடு வேண்டுமென்றால் தாயின் மார்போடு அணைத்து, தலைக்குக் குல்லா போட்டு, கம்பளி போர்த்துங்கள். இரவில் தணலை வெளியே எடுத்து வைப்பது கணவரின் வேலையாக இருக்கட்டும். பிள்ளை பெற்றவள் எழுந்து தூக்கக் கூடாது.

ஊட்டி, கொடைக்கானல் போனாலும் விடுதி அறைக்குள் கரி அடுப்பு வேண்டாம். கடை நடத்துகிறவர்கள் ஷட்டரை இறக்கிவிட்டு உள்ளே ஜெனரேட்டர் ஓட்ட வேண்டாம். இந்த வாயுவைக் கண்டு கூவும் அலாரம் கடைகளில் கிடைக்கிறது. இங்கிலாந்தில் கேஸ் பாய்லர் போன்றவை உள்ள வாடகை வீடுகளில் 2022 அக்டோபர் முதல் அது கட்டாயம். புகை அலாரம் வேறு, இது வேறு, கேட்டு வாங்குங்கள். கருவிக்கும் ஆயுள் உண்டு. அதில் போட்டிருக்கும் வருஷம் தாண்டினால் மாற்றிவிட வேண்டும்.