கூட்டுறவுப் பாடம்: ஹொரேஸ் பிளங்கெட்

கூட்டுறவு இயக்கத்தின் முன்னோடிகளுள் நம் அங்கத்தினர் அறிய வேண்டிய ஒருவர் அயர்லாந்தின் சர் ஹொரேஸ் பிளங்கெட். இவர் ஏழைக் குடியானவர் அல்லர். டன்சனிப் பிரபுவின் மைந்தர். 1854 ஆம் ஆண்டு பிறந்து, ஆக்ஸ்போர்டில் பயின்றவர். நுரையீரல் நோய் காரணமாக 1879 இல் அமெரிக்கா சென்று, வயோமிங் பகுதியில் பத்தாண்டுகள் மாட்டுப் பண்ணை நடத்தினார். தந்தையார் காலமானதும் 1889 இல் தாயகம் திரும்பினார்.

அக்காலத்தில் அயர்லாந்தின் தலைவர் பலரும் நிலம் யாருக்கு உரியது என்ற வழக்கிலேயே மூழ்கியிருந்தனர். பிளங்கெட்டோ வேறொரு வினாவை எழுப்பினார். நிலம் உழவனுக்கே கிடைத்தாலும், விளைபொருளை விற்கவும் விதையும் உரமும் வாங்கவும் அவன் வியாபாரியின் கையையே எதிர்பார்த்து நின்றால் பயன் என்ன?

வெண்ணெயை எடுத்துக்கொள்வோம். வீடுதோறும் கடைந்த ஐரிஷ் வெண்ணெய் ஒரே தரமாய் இராது. டென்மார்க்கு விவசாயிகளோ கூட்டுறவு முறையில் இயந்திரம் வைத்து, ஒரே தரத்தில் வெண்ணெய் எடுத்து, இங்கிலாந்துச் சந்தையைப் பிடித்து வந்தனர். ஆகவே உறுப்பினர் பங்குப்பணம் போட்டுப் பால் நிலையம் அமைக்க வேண்டுமென்றார் பிளங்கெட். இத்தகைய நிலையத்தில் உறுப்பினர் பாலைக் கொணர்ந்து தருவர். இயந்திரம் பாலேட்டைப் பிரிக்கும். ஏடெடுத்த பால் கன்றுகளுக்காக வீடு திரும்பும். வெண்ணெய் விற்ற வருவாய் உறுப்பினரையே சேரும். ஆனால் ஊராரை இதற்கு இணங்க வைப்பது எளிதாக இல்லை. ஐம்பது கூட்டங்களுக்குச் சென்ற பின்னும் ஒரு சங்கமேனும் உருவாகவில்லை என்று அவரே எழுதியிருக்கிறார்.

எனினும் அவர் தளரவில்லை. 1894 இல் ஐரிஷ் விவசாய அமைப்புச் சங்கம் தோன்றியது. பின்லே என்னும் கத்தோலிக்கப் பாதிரியார், ஆண்டர்சன் என்னும் செயலாளர், 1897 இல் வந்து சேர்ந்த கவிஞர் ஜார்ஜ் ரஸ்ஸல் ஆகியோர் அவருக்குத் துணை நின்றனர். ஊர் ஊராகச் சென்று ரஸ்ஸல் கிராம நாணயச் சங்கங்களை அமைத்தார். ஜெர்மானியப் பெரியார் ரெய்பீசன் வகுத்த முறை அது. அயலாரை அயலார் அறிவர், நாணயமே ஈடு, பலன் தரும் வேலைக்கே கடன். சென்னை மாகாணத்திற்காக பிரெடரிக் நிக்கல்சன் ஆராய்ந்து பரிந்துரைத்ததும் இம்முறையையே.

பிளங்கெட் 1892 முதல் 1900 வரை பாராளுமன்ற உறுப்பினராக விளங்கினார். 1895 இல் மாற்றுக் கட்சியினரையும் ஒரு குழுவில் அமர்த்தி, விவசாயத்திற்கும் தொழிற்கல்விக்கும் தனி இலாகா வேண்டுமென அறிக்கை தந்தார். 1899 இல் அவ்விலாகா சட்டமாயிற்று; அதன் பொறுப்பை அவரே ஏற்றார். ஆனால் மாற்றுக் கட்சியைச் சேர்ந்த கில் என்பவரைச் செயலாளராக்கியதால் சொந்தக் கட்சியினரே சினந்தனர். 1900 தேர்தலில் அவர் தோற்றார். 1907 இல் இலாகாப் பதவியும் போயிற்று. அவருக்குப் பின் வந்தவர், அமைப்புச் சங்கத்திற்கு அரசு அளித்த உதவித்தொகையை நிறுத்திவிட்டார். ஆயினும் இயக்கம் மாளவில்லை. உறுப்பினர் சந்தாவும் நண்பர் நன்கொடையும் அதனைத் தாங்கின.

1922 இல் பிளங்கெட் சுதந்திர அயர்லாந்தின் செனட் உறுப்பினரானார். அதன் பொருட்டே 1923 ஜனவரியில், உள்நாட்டுப் போரின்போது, அவரது இல்லம் தீக்கிரையாக்கப்பட்டது. பின்னர் இங்கிலாந்து சென்று வாழ்ந்து, 1932 இல் மறைந்தார். 1919 இல் அவர் நிறுவிய அறநிலையம் இன்றும் கூட்டுறவுப் பணி புரிகின்றது.

நாம் சங்கங்களைப் பார்வையிடச் செல்லுமிடத்து, "இது சர்க்கார் சங்கம்தானே" என்று அங்கத்தினர் கூறக் கேட்பதுண்டு. மானியத்தையே மூச்சாகக் கொண்ட சங்கம், மானியம் நின்ற அன்றே நின்றுவிடும். பிளங்கெட்டின் வாழ்வு காட்டும் பாடம் இதுவே.

அங்கத்தினர் சிந்தனைக்கு:

1. நம் சங்கத்திற்கு அரசு உதவி நின்றால், நம் பங்குத்தொகையும் சேமநிதியும் எத்தனை மாதம் அதனைத் தாங்கும்?

2. நம் துணியையும் விளைவையும் சங்கத்தின் மூலம் விற்கின்றோமா, தனி வியாபாரிக்குக் கொடுக்கின்றோமா?

3. கட்சி வேற்றுமையைச் சங்கத்தின் வாயிற்படிக்கு வெளியே நிறுத்துகின்றோமா?

அடுத்த மகாசபைக்கு முன் இவற்றிற்கு விடை காண்போமாக.