வலைச் சேவையகமும் கூறுக் கோப்புகளும்

வலைப்பக்கங்களை வழங்கும் அப்பாச்சி சேவையக மென்பொருளில் புதிய வசதியொன்றைச் சேர்க்க, முழு நிரலையும் மீண்டும் தொகுக்க வேண்டிய தேவை 1998-ஆம் ஆண்டு வெளியான 1.3 பதிப்பிலிருந்து நீங்கியது. வசதி தனியொரு பகிர்வு நூலகக் கோப்பாக அமையும். அமைவுக் கோப்பில் 'லோட்மாட்யூல்' என்ற வரியைச் சேர்த்துச் சேவையகத்தை மீண்டும் தொடங்கினால் போதும். காலமும் உழைப்பும் மிச்சமாகின்றன.

ஆயினும், ஏற்றப்பட்ட கோப்பு சேவையகத்தினுள்ளேயே, அதே அதிகாரங்களுடன் இயங்குகிறது. 2014-இல் வெளிப்பட்ட 'ஹார்ட்பிளீட்' குறைபாடு அப்பாச்சியில் இருந்ததன்று. மறையாக்கக் கூறு சார்ந்திருந்த ஓப்பன்எஸ்எஸ்எல் நூலகத்தில் இருந்தது. எனினும், சேவையகத்தின் நினைவகத்திலிருந்து கடவுச்சொற்களும் கசியக்கூடிய நிலை ஏற்பட்டது.

மத்திய அரசு 2015-இல் திறந்த மூல மென்பொருள் கொள்கையை அறிவித்தது. உரிமக் கட்டணம் இல்லாமையால் பராமரிப்புச் செலவும் இல்லையெனக் கருதலாகாது. வரவு செலவுத் திட்டங்களில் எளிதில் விடுபடும் இனம் இதுவே. ஏற்றப்பட்டுள்ள கூறுகளை ஒரே கட்டளையால் பட்டியலிட்டு, பயன்படாதவற்றின் வரிகளை நீக்கிவிடலாம்.