நகலின் பின்பக்கம்

போடிநாயக்கனூர்

அன்புள்ள மருமகளே,

போடிமெட்டிலிருந்து நீ எழுதிய கடிதம் கிடைத்தது. சட்டக் கல்லூரியில் சேர்ந்த முதல் வருஷமே கோபம் வந்துவிட்டது உனக்கு. வரட்டும். "விடுதலை என்று கோர்ட்டே சொன்ன பிறகு அப்பீல் எதற்கு மாமா? ஒரே ஆளை ரெண்டு தடவை விசாரிக்கிறது நியாயமா?" என்று கேட்டிருக்கிறாய்.

ரெண்டு தடவை இல்லையம்மா. அப்பீல் அதே வழக்கின் தொடர்ச்சிதான். சாட்சிகளைப் பெரும்பாலும் மறுபடி கூண்டில் ஏற்ற மாட்டார்கள். கீழ்க்கோர்ட்டில் எழுதி வைத்த கட்டைத்தான் மேலே பிரித்துப் படிப்பார்கள். இதை மனசில் வைத்துக்கொண்டு மேலே படி.

உங்கள் மெட்டிலிருந்து பூப்பாறை, நெடுங்கண்டம் என்று ஜீப் போகிற வழியில்தான் கட்டப்பனை. அந்த ஊர்க் கோர்ட்டில் நடந்த ஒரு வழக்கைச் சொல்கிறேன். 2021 ஜூன் 30-ம் தேதி வண்டிப்பெரியாரில் ஒரு எஸ்டேட் லயத்தில் ஆறு வயதுப் பெண் குழந்தை கழுத்தில் சுருக்கோடு கிடந்தது. விளையாடும்போது மாட்டிக்கொண்டது என்றுதான் முதலில் நினைத்தார்கள். பிரேதப் பரிசோதனை வேறு கதை சொன்னது. பக்கத்து வீட்டு இளைஞரைக் கைது செய்தார்கள். 2023 டிசம்பர் 14-ம் தேதி கட்டப்பனை தனி நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது. விசாரணை அதிகாரி சம்பவ இடத்துக்கு மறுநாள்தான் போனார், தடயம் சேகரித்ததில் ஓட்டை என்று தீர்ப்பிலேயே குறை சொல்லியிருந்தது. அந்த அதிகாரியைப் பிற்பாடு சஸ்பெண்ட் செய்தார்கள். அவரைச் சஸ்பெண்ட் செய்தால் அந்த முதல் ராத்திரி திரும்பி வருமா?

கேரள அரசு உயர்நீதிமன்றத்துக்குப் போனது. பெற்றோரும் போனார்கள். 2024 டிசம்பரில், விடுதலையானவர் கட்டப்பனைக் கோர்ட்டில் ஆஜராகி பாண்டு எழுதிக் கொடுக்க வேண்டும் என்று உயர்நீதிமன்றம் சொன்னது. அப்பீல் முடியும்வரை ஆள் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கவேண்டும் என்பதற்கான ஏற்பாடு அது. குற்றவாளி என்று அதற்கு அர்த்தமில்லை. டீக்கடையில் இந்த ரெண்டையும் போட்டுக் குழப்புவார்கள், நீ குழப்பாதே.

பெற்றோர் போனார்கள் என்றேனே, அந்த வழி 2009 டிசம்பர் 31-ம் தேதிக்கு முன் கிடையாது. போலீஸ் நடத்திய வழக்கென்றால் அரசு மனசு வைத்தால்தான் அப்பீல். அன்றைக்குத்தான் குற்றவியல் நடைமுறைச் சட்டம் 372-ல் ஒரு வரம்புரை சேர்ந்தது; பாதிக்கப்பட்டவரே அப்பீல் போகலாம் என்று. இப்போதைய புதுச் சட்டத்தில் அது 413-ம் பிரிவு. அரசு போனால் உயர்நீதிமன்றத்தின் முன் அனுமதி வேண்டும். பாதிக்கப்பட்டவர் போனால் வேண்டாம் என்று 2018-ல் மல்லிகார்ஜுன் கோடகலி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. லயத்தில் குடியிருக்கிற ஒரு தாய்க்கு அரசைவிட ஒரு வாசல் கூடுதல். இந்த நாட்டுச் சட்டத்தில் எனக்குப் பிடித்த சில வரிகளில் அது ஒன்று.

வாசல் அகலம்தான், படி உயரம். குற்றம் நிரூபணமாகும்வரை எல்லோரும் நிரபராதி என்பதுதான் சட்டத்தின் அனுமானம். விடுதலையான பிறகு அந்த அனுமானம் ரெண்டு மடங்காகிறது. 1934-ல் லண்டன் பிரிவி கவுன்சில் ஷியோ ஸ்வரூப் வழக்கில் போட்ட பாதைதான் இன்றைக்கும். சாட்சியின் முகத்தைப் பார்த்தவர் கீழ்க்கோர்ட் நீதிபதி, அவர் கருத்துக்கு மதிப்புக் கொடு என்றது அது. 2007-ல் சந்திரப்பா வழக்கிலும் அதுவே: கட்டைப் படித்தால் ரெண்டு முடிவுக்கும் இடமிருக்கிறது என்றால், விடுதலையைத் தொடாதே. "எனக்கு வேறு மாதிரித் தோன்றுகிறது" என்பது போதாது. இப்படி யாரும் முடிவெடுத்திருக்க முடியாது என்று காட்டவேண்டும்.

மலைக்கு இந்தப் பக்கமும் ஒரு வழக்கு இருக்கிறது. 2011 மே மாதம் சுருளி அருவிப் பக்கம் இளம் ஜோடி ஒன்று கொலையானது. தேனிக் கோர்ட் தூக்கு விதித்தது, மதுரைக் கிளை உறுதி செய்தது. 2025 ஜூலை 15-ம் தேதி உச்ச நீதிமன்றம் குற்றம் சாட்டப்பட்டவரை விடுவித்தது. டி.என்.ஏ. மாதிரி யார் கையிலிருந்து யார் கைக்குப் போனது, எப்படி வைத்திருந்தார்கள் என்பதற்கு ஒழுங்கான கணக்கில்லை. அதை எப்படிக் கையாளவேண்டும் என்று நாடு முழுவதற்கும் அந்தத் தீர்ப்பிலேயே எழுதிவைத்தார்கள். வண்டிப்பெரியாரில் அப்பீல் கேட்பவர்களும் சுருளியில் தூக்குக்கயிற்றுக்குப் பக்கத்தில் நின்றவரும் முட்டிக்கொண்டது தடயத்தை ஒழுங்காகக் கையாளாத ஒரே சுவரில்தான்.

ஆகையால் தீர்ப்பைப் படிக்குமுன் சம்பவ இடத்தில் போலீஸ் எழுதிய மகஜரைப் படி. எத்தனை மணிக்கு எழுதினது, யார் கையெழுத்து, பொருள் கோர்ட்டுக்கு எந்தத் தேதி வந்தது. வக்கீல் வாதம் அதற்கப்புறம்தான்.

இத்துடன் ஒரு பழைய தீர்ப்பின் சான்றிட்ட நகலை அனுப்புகிறேன். எல்லோரும் முன்பக்கத்தைப் படிப்பார்கள். நீ கடைசித் தாளைத் திருப்பு. நகல் மனு போட்ட தேதி, முத்திரைத்தாள் கேட்ட தேதி, நகல் தயாரான தேதி என்று ரப்பர் ஸ்டாம்பில் இருக்கும். விடுதலையை எதிர்த்து அரசு அப்பீல் போட 90 நாள். நகலுக்காகக் கோர்ட் எடுத்துக்கொண்ட நாட்களை அந்த 90-ல் சேர்த்து எண்ண வேண்டாம். பாதிக்கப்பட்டவருக்குச் சட்டம் கெடு எழுதவில்லை. அதற்காகத் தள்ளிப்போடாதே, அதே 90-க்குள் போட்டுவிடு.

அந்த நகலை வைத்துக் கடைசி நாளைக் கணக்குப் போட்டு எழுது. விடுமுறை நாளில் கெடு முடிந்தால் என்ன ஆகும் என்பதையும் சேர்த்து.

அன்புடன்,
மாமா