திருப்பி அனுப்பிய நோட்டீஸ் சேர்ந்த நோட்டீஸ்தான்

“வக்கீல் நோட்டீஸ் வந்தா கையெழுத்துப் போட்டு வாங்காதே. வாங்கலைன்னா கேஸே நிக்காது.” செக் பவுன்ஸ் ஆனவருக்கு முதலில் கிடைக்கும் யோசனை இது. கேட்டவர் வீட்டைப் பூட்டிக்கொள்கிறார். தபால்காரர் உறையைத் திருப்பி அனுப்புகிறார். வழக்கே இல்லாமல் தீர்த்துக்கொள்ளக் கிடைத்த நாட்கள் அப்படியே வீணாகின்றன. குற்றம் உறுதியானால் 2 ஆண்டு வரை சிறை, செக் தொகையைப் போல் இரு மடங்கு வரை அபராதம் என்பதை யோசனை சொன்னவர் சொல்வதில்லை.

1897-ஆம் ஆண்டின் பொது உட்பிரிவுகள் சட்டத்தில் 27-ஆம் பிரிவைப் பாருங்கள். சரியான முகவரி எழுதி, கட்டணம் செலுத்திப் பதிவுத் தபாலில் அனுப்பிய கடிதம், தபால் வழக்கமாகப் போய்ச்சேரும் நேரத்தில் சேர்ந்துவிட்டதாகவே கொள்ளப்படும். ‘வாங்க மறுத்தார்’, ‘கதவு பூட்டியிருந்தது’ என்ற குறிப்போடு திரும்பிய உறைக்கும் இது பொருந்தும். மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138-ஆம் பிரிவு பணம் கட்டத் தரும் 15 நாள் கெடு ஓடத் தொடங்கிவிடும்.

உண்மையிலேயே நோட்டீஸ் கிடைக்காதவர் என்ன செய்வார்? அவரைச் சட்டம் கைவிடவில்லை. காலி செய்துபோன பழைய முகவரிக்கு அனுப்பினார்கள் என்றால் அதை அவர் ஆதாரத்தோடு நிரூபிக்கலாம். உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு 2007-இல் இன்னும் எளிய வழியைத் திறந்துவிட்டது: சம்மன் கிடைத்த 15 நாட்களுக்குள் செக் தொகையைக் கட்டிவிட்டு, புகாரை நிராகரிக்கும்படி கேட்கலாம். புகார் நகலோடு சம்மன் வந்தும் கட்டாதவர், நோட்டீஸ் முறையாக வரவில்லை என்று பிறகு வாதாட முடியாது. இந்த வழி பலருக்குத் தெரியவே இல்லை என்பதுதான் என் வருத்தம்.

“கீழ்க்கோர்ட்டில் தோற்றால் அப்பீலில் பார்த்துக்கலாம்” என்பதும் வீண் நம்பிக்கை. அரசியலமைப்பின் 141-ஆவது உறுப்புப்படி, உச்ச நீதிமன்றம் வகுத்த சட்டம் நாட்டின் எல்லா நீதிமன்றங்களையும் கட்டுப்படுத்தும். செஷன்ஸ் நீதிமன்றமோ உயர் நீதிமன்றமோ 2007 தீர்ப்பை ஒதுக்கிவைக்க இயலாது. போதாததற்கு, மாற்றுமுறை ஆவணச் சட்டத்தில் 2018-இல் சேர்த்த 148-ஆம் பிரிவின்படி, அபராதத்தில் அல்லது இழப்பீட்டில் குறைந்தது 20 விழுக்காட்டை அப்பீல் நடக்கும்போதே கட்டச் சொல்லலாம்.

அதற்காக உச்ச நீதிமன்றத்தின் எல்லா உத்தரவும் முன்தீர்ப்பு ஆகிவிடாது. அப்பீல் செய்ய அனுமதி கேட்கும் சிறப்பு அனுமதி மனுவைக் காரணம் சொல்லாமல் ஒரே வரியில் தள்ளுபடி செய்தால், கீழே வந்த தீர்ப்பை உச்ச நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது என்று பொருளில்லை. 2000-ஆம் ஆண்டிலேயே அந்த நீதிமன்றம் இதைத் தெளிவாக்கிவிட்டது. காரணம் எழுதித் தள்ளியிருந்தால், அதில் சொல்லிய சட்டம் கட்டுப்படுத்தும்.